முயல் பொம்மைக்குக் கீழே

பட்டுக்கோட்டைப் பக்கம் நாங்கள் விற்ற வயலில் இப்போது பொழுதுபோக்குப் பூங்கா இருக்கிறது. விற்கும்போது, "வத்திப்போன போர்வெல்லை மூடிட்டீங்களா?" என்று கேட்டார்கள். "மூடியாச்சுங்க" என்றேன். உண்மையில் குழியின் வாயில் ஒரு சாக்கைப் போட்டு, மேலே கல்லை வைத்திருந்தேன். அவ்வளவுதான்.

மூன்று வருடம் கழித்து மகளை அங்கே கூட்டிப்போனேன். கார்ட்டூன் பகுதியில் ஒரு பெரிய முயல் பொம்மையைச் சுற்றிப் பிள்ளைகள் குதித்துக்கொண்டிருந்தார்கள். வேலிக்கு வெளியே எங்கள் பழைய வாய்க்கால் மதகு தெரிந்தது. அதற்கு நேர் எதிரே, இப்போது முயல் நிற்கும் இடத்தில்தான் அந்தப் போர்வெல். ஓடிப்போய் மகளைத் தூக்கிக்கொண்டு, "பிள்ளைங்களைத் தள்ளி வரச் சொல்லுங்க, கீழ போர்வெல் குழி இருக்கு!" என்று காவலாளியிடம் கத்தினேன்.

"பயப்படாதீங்க. அஸ்திவாரம் தோண்டுறப்ப நானும் இங்க வேலை பார்த்தேன், என் கால்தான் அதுக்குள்ள இறங்குச்சு. ஜல்லி கொட்டி, கான்கிரீட் போட்டு அடைச்சுட்டுத்தான் முயலை நிறுத்துனோம். எந்தப் பாவி அப்படிப் போட்டுட்டுப் போனானோ! உங்களுக்கு எப்படிங்க தெரியும்?"

"யாரோ சொன்னாங்க" என்றேன்.

முயலிடம் போக வேண்டும் என்று மகள் திமிறினாள். கான்கிரீட் இருப்பது தெரிந்தும் அவளை இறக்கிவிட எனக்கு மனம் வரவில்லை. வெறும் சாக்கையும் கல்லையும் வைத்துவிட்டு, அந்த மூன்று வருடமும் நான் நிம்மதியாகத் தூங்கியிருக்கிறேன்.