குத்தகைக் கப்பலில் அப்பா

பேய், ஆவி என்று யாராவது ஆரம்பித்தால் எழுந்து போய்விடுகிற ஆள் நான். ஆயுசுக்கும் நர்ஸ் வேலை பார்த்தவள், பிணவறைச் சாவியை இடுப்பில் செருகிக்கொண்டே டிபன் பாக்ஸைத் திறந்து சாப்பிட்டவள். அதனால் நான் சொல்லப் போவதைக் கேட்டு நீங்கள் சிரித்தால் கோபப்பட மாட்டேன், உங்கள் இடத்தில் இருந்தால் நானும் சிரித்திருப்பேன்.

என் தம்பி சேகர் கடற்படையில் இருந்தான். கீழ்பென்னாத்தூரில் எங்களுக்கு மல்லாட்டை, அதாவது வேர்க்கடலை, போடுகிற நிலம் உண்டு. ஒரே பையன், அவன் பார்த்துக்கொள்வான் என்று அப்பா நினைத்திருக்க, இவன் வீட்டில் சொல்லாமலே கடற்படையில் சேர்ந்துவிட்டான். அன்றைக்கு நின்ற பேச்சுதான். லீவில் அவன் வந்தால் அப்பா பக்கத்தில் உட்கார்ந்து சாப்பிடுவார், குழம்பை அவன் பக்கம் நகர்த்தி வைப்பார், வாயிலிருந்து ஒரு வார்த்தை வராது.

எண்பதுகளின் கடைசியில் நம் நாடு ரஷ்யாவிடமிருந்து அணுசக்தியில் ஓடுகிற நீர்மூழ்கிக் கப்பல் ஒன்றைச் சில வருஷங்களுக்குக் குத்தகைக்கு எடுத்தது. அதற்குத் தேர்வானவர்களில் சேகரும் ஒருவன். ரஷ்யாவுக்கே போய்ப் பயிற்சி எடுத்து, அந்தக் கப்பலிலேயே விசாகப்பட்டினம் வந்து சேர்ந்தான். பேப்பரில் வந்ததை அப்பாவுக்குப் படித்துக் காட்டினேன்.

"குத்தகைக்கா? நாம நெலத்துக்கு எடுக்கற மாதிரியா?" என்றார்.

"ஆமாப்பா. முடிஞ்சதும் திருப்பிக் குடுத்துடணுமாம்."

"அப்ப இவன் வந்துடுவான்" என்றார். அவ்வளவுதான், வெற்றிலை மடிக்க ஆரம்பித்துவிட்டார்.

மற்ற நீர்மூழ்கிகள் காற்றுக்காக அடிக்கடி மேலே வந்தாக வேண்டும், இதற்கு அந்த அவசியமே இல்லை, கீழே போனால் வாரக்கணக்கில் கீழேதான். அப்படி ஒரு பயணத்துக்கு முன்னால் பஸ் ஸ்டாண்டில் வைத்து என்னிடம் சொன்னான்.

"அக்கா, வீட்ல யாருக்கு என்ன ஆனாலும் எனக்குச் சொல்ல மாட்டாங்க. கரைக்கு வந்தப்புறம்தான். தண்ணிக்குள்ள இருந்துக்கிட்டு நான் தெரிஞ்சு என்ன பண்ணப் போறேன்?"

அவன் போன கொஞ்ச நாளிலேயே அப்பாவுக்கு நெஞ்சில் சளி கட்டிக்கொண்டது. செங்கம் ரோட்டில் இருக்கும் எங்கள் வீட்டுக்கே கூட்டிவந்து நானே பார்த்துக்கொண்டேன். தூக்கி உட்கார வைக்கவே இரண்டு பேர் வேண்டும், எல்லாம் கட்டிலிலேயே. தந்தி கொடுத்தேன், சேகர் சொன்னது போலவே பதில் வந்தது. அப்பா கேட்கும்போதெல்லாம் "வந்துடுவான்பா" என்பேன். இவர் போகும் முன் அவனைப் பார்த்து ஒரு வார்த்தை பேசிவிட வேண்டுமே என்பதுதான் எனக்கு ஒரே கவலை.

ஒரு நாள் மத்தியானம், நல்ல வெயில். அப்பா தூங்கிக்கொண்டிருந்தார், உதடு மட்டும் அசைந்தது. இரண்டு மணி மாத்திரைக்கு நேரமாகிவிட்டது. நர்ஸ் புத்தி, தோளைப் பிடித்து உலுக்கி எழுப்பிவிட்டேன்.

"ஏம்மா கூப்ட்ட? அவன்கிட்ட பேசிட்டிருந்தேன்" என்றார்.

"யார்கிட்டப்பா?"

"சேகருகிட்ட. கப்பல்ல. ஒரே செவப்பு வெளிச்சம், நிமிரவே முடியல, தலைய இடிச்சுக்கிட்டேன். ஒருத்தன் எழுந்தா அதே படுக்கையில இன்னொருத்தன் படுக்கறாம்மா, சூடு கூட ஆறல. பாவம் புள்ள."

ஜுரத்தில் உளறுகிறார் என்று நினைத்து மாத்திரையை வாயில் போட்டேன். விழுங்கிவிட்டு, "இன்னும் சொல்லி முடிக்கல" என்று சுவர்ப் பக்கம் திரும்பிக்கொண்டார். விளக்கு வைக்கும் நேரத்துக்குள் போய்விட்டார். சித்தப்பா மகன்தான் கொள்ளி வைத்தான்.

உடம்பைக் குளிப்பாட்டும்போது பார்த்தேன், இடது புருவத்துக்கு மேலே புதுசாக ஒரு வீக்கம். காலையில் முகம் துடைத்துவிட்டவள் நான்தான், அப்போது அது இல்லை. கட்டிலை விட்டு அவர் இறங்கவும் இல்லை. யாரிடமும் இதைச் சொல்லவில்லை, என் வீட்டுக்காரரிடம் கூட.

கருமாதியெல்லாம் முடிந்து எத்தனையோ நாள் கழித்துத்தான் சேகர் வந்தான். சமையலறையில் தரையில் உட்கார்ந்துகொண்டு அவனாகவே ஆரம்பித்தான்.

"கரையில சொன்னாங்கக்கா. எனக்கு முன்னாடியே தெரியும். டூட்டி முடிச்சுப் படுக்க வந்தேன், எனக்கு முன்னாடி படுத்திருந்தவன் அப்பதான் எழுந்து போனான். அப்பா அங்க குனிஞ்சு நிக்கறாரு. பைப்புல நெத்தி இடிச்சுது, சத்தமே கேட்டுச்சு."

"பேசினாரா?" என்றேன்.

"சேகரு, நான் உன்னன்னு ஆரம்பிச்சாரு. அத்தினி வருஷம் கழிச்சு என் பேரச் சொன்னாருக்கா. அதுக்குள்ள யாரோ கூப்ட்ட மாதிரி திரும்பிப் பார்த்தாரு. அப்புறம் ஆளக் காணோம்."

கூப்பிட்டது நான்தான் என்று சொன்னேன். அழுதுகொண்டேதான் சொன்னேன்.

"மாத்திரைய நேரத்துக்குக் குடுக்கணும் இல்லக்கா" என்றான். திட்டியிருந்தால் தேவலை.

குத்தகை முடிந்து கப்பல் ரஷ்யாவுக்கே போய்விட்டது. சேகர் ரிட்டயராகி இப்போது கீழ்பென்னாத்தூரில் அதே நிலத்தைப் பார்க்கிறான். அப்பா சொல்ல வந்தது மன்னிப்பா, சாபமா, இன்றைக்கும் எங்கள் இரண்டு பேருக்கும் தெரியாது. நம்பினால் நம்புங்கள், அதற்கப்புறம் தூங்குகிற யாரையும் நான் தொட்டு எழுப்பியதில்லை. வார்டில் கூட சின்ன நர்ஸைத்தான் அனுப்புவேன்.

போன மாசம் சேகர் வீட்டுக்குப் போயிருந்தேன். மத்தியானம், அவன் தூங்கிக்கொண்டிருந்தான். "எழுப்புங்க அண்ணி, காபி ஆறுது" என்றாள் அவன் மனைவி. கிட்டப் போனேன். அவன் உதடு அசைந்துகொண்டிருந்தது, எதிரில் யாரோ சொல்வதற்கு "ம்" கொட்டுகிற மாதிரி. காபியை மூடி வைத்துவிட்டுச் சத்தமில்லாமல் வெளியே வந்துவிட்டேன்.