இந்த வாரம் யார் முறை

காசிமேட்டுக்குப் பின்னால் இருந்த அந்த இறால் ஷெட்டில் எனக்கு எடை போடும் வேலை. எட்டுப் பெண்கள் ஒரே மேசையைச் சுற்றி நின்று தலை கிள்ளி, ஓடு உரித்து, அவரவர் டப்பில் போடுவார்கள். நான் நிறுத்து எழுதுவேன். நாள் கூலி எல்லோருக்கும் ஒன்றே. ஷெட்டே என் தராசில்தான் ஓடுகிறது என்ற நினைப்பு அப்போது எனக்கு.

புதிதாக வந்த மேனேஜர் படித்தவர். போட்டி இருந்தால்தான் கை வேகமாக ஓடும் என்று எங்கோ கற்றுக்கொண்டு வந்திருந்தார். வாரத்தில் அதிகம் உரிப்பவருக்கு ஆயிரம் ரூபாய், கூடவே சுவரில் போட்டோ. அதே சுவரில் 'ஒற்றுமையே நம் பலம்' என்ற போர்டையும் அவரே மாட்டினார். இரண்டும் ஒன்றையொன்று முறைத்துக்கொண்டிருந்தது அவர் கண்ணில் படவில்லை.

அந்த ஆயிரத்தைச் சீட்டுப் பணமாக மாற்ற எட்டுப் பேருக்கும் ஒரு நாள்கூட ஆகவில்லை. யாருக்கு அவசரமோ அவளுக்கு இந்த வாரம். டப்பு என்னிடம் வரும் முன் ஆளுக்கு இரண்டு கை இறாலை அவள் டப்பில் தள்ளிவிடுவார்கள். ஒருத்திக்குப் பல்வலி, ஒருத்திக்கு கேஸ் சிலிண்டர். அவளுக்காக எல்லோருமே கொஞ்சம் வேகமாக உரித்தார்கள். திட்டம் பலிக்கிறது என்று மேனேஜருக்கு ஒரே பெருமை. பலிக்கத்தான் செய்தது.

எட்டுப் பேரில் மெதுவான கை ஒரு அக்காவுடையது. ஐஸிலும் இறால் தண்ணீரிலும் ஊறி விரல்நுனியெல்லாம் வெடித்திருக்கும். அவர் மகளுக்கு நர்சிங் பீஸ் கட்ட வேண்டியிருந்ததால் மூன்று வாரம் தொடர்ந்து அவரையே முதலிடத்துக்கு ஏற்றினார்கள். அங்கேதான் கோட்டை விட்டார்கள். இந்த அம்மாவின் கைவேகத்தை எல்லோரும் கற்க வேண்டும் என்று சொல்லி, வீடியோ எடுக்க மேனேஜர் அவரைத் தனி மேசையில் நிறுத்திவிட்டார். அக்கா தலைவலி என்று சொல்லிப் பார்த்தார், விடவில்லை. ஒரு மணி நேரத்தில் இரண்டரை கிலோ. மற்றவர்கள் சாதாரணமாக நாலைத் தாண்டுவார்கள்.

நான் பொய் எடை எழுதினேனா என்று மேனேஜர் கேட்டார். என் தராசைச் சொன்னால் எனக்குப் பொறுக்காது. நடந்ததை அப்படியே கொட்டினேன். போர்டைக் காட்டி, நீங்கள் சொன்ன ஒற்றுமைதானே சார் என்றும் சேர்த்துக்கொண்டேன். பாராட்டுவார் என்று நம்பினேன். அவ்வளவு புத்திசாலி நான்.

மெதுவான கைக்கு எதற்கு ஓர் இடம் என்று கேட்டு, அக்காவை மறுநாளிலிருந்து வர வேண்டாம் என்றார். மகளின் அடுத்த தவணைக்கு ஒரு மாதம்கூட இல்லை. அக்கா ஏப்ரனைக் கழற்றி மடித்து வைத்துவிட்டு என்னைப் பார்க்காமலே போனார்.

மறுநாள் ஏழு பேரும் வந்தார்கள், வழக்கம்போல் உரித்தார்கள். ஒரு மணி நேரம் கழித்து முதல் டப்பை நிறுத்தேன். இரண்டரை கிலோ. அடுத்ததும் இரண்டரை. ஏழும் இரண்டரை. தராசு கெட்டுவிட்டது என்று மேனேஜர் ஆள் கூப்பிட்டார். வந்தவர் எடைக்கல் வைத்துப் பார்த்து, தராசு நன்றாக இருக்கிறது என்று சொல்லிக் காசு வாங்கிக்கொண்டு போனார். இரண்டாம் நாளும் அதே எடை. பரிசை இரண்டாயிரம் ஆக்கினார். மூன்றாம் நாள் உரிக்காத இறால் வாசல் வரை வந்துவிட்டது, ஐஸ் உருகித் தரையெல்லாம் தண்ணீர், லாரிக்காரர் வெளியே ஹாரன் அடித்துக்கொண்டிருந்தார். ஏழு பேரும் சமமாக இருந்தால் பரிசை யாருக்குத்தான் கொடுப்பது என்று என்னிடமே கேட்டார் மேனேஜர்.

"அக்காவ கூப்புடுங்க சார்," என்றேன். என் போனை வாங்கி அவரே பேசினார்.

நாலாம் நாள் அக்கா தன் பழைய இடத்தில் நின்றார். மத்தியானத்துக்குள் வாசல் காலியானது. அவர் டப்பைக் கொண்டுவந்து தராசில் வைத்தபோது மன்னிப்புக் கேட்க வாயெடுத்தேன். அவர் தராசு முள்ளைப் பார்த்தபடியே சொன்னார்:

"நீ எடைய மட்டும் போடும்மா. யாருக்கு எவ்ளோன்றத நாங்க பாத்துக்குறோம்."