உயில் வாசித்த புரோசெகர்

வெண்டலின் புரோசெகருக்கு எழுபது வயதாகிறதாம். கிராட்ஸ் நாடகசாலையில் சிறப்பு மலர் போடுகிறார்கள். அவனைப் பற்றி நல்லதாக நாலு வார்த்தை எழுதித் தரவேண்டுமாம். என்னிடம் போய்க் கேட்டார்களே, அவர்கள் வாய்க்குச் சர்க்கரைதான் போடவேண்டும்!

இருபத்திரண்டு வருஷம் அந்த மேடையின் முன்விளிம்பில், தரைக்குக் கீழே ஒரு மரப்பெட்டிக்குள் உட்கார்ந்து, நடிகர்கள் மறக்கும் வசனத்தை எடுத்துக்கொடுத்தவள் நான். பெயர் நோட்புர்கா. அவன் முகத்தைவிட முழங்காலை அதிகம் பார்த்திருக்கிறேன்.

வெல்ஸ் ஊரில் ஒரு கசாப்புக்காரரின் மகன். வியன்னா நடிப்புப் பள்ளித் தேர்வில் இரண்டு தடவை தோற்றான். அப்புறம் ஊர் ஊராகப் போய் வேலைக்காரன், வனக்காவலன், போலீஸ், பாதிரியார் என்று அடுத்தவன் கதைக்குக் கதவு திறந்துவிடும் வேஷங்களாகவே போட்டுக் கடைசியில் எங்களிடம் வந்து ஒட்டிக்கொண்டான். டெலிவிஷனில் துப்பறியும் தொடர் ஒன்று ஓடியது. அதில் முதலில் சந்தேகப்படும் ஆளாக வந்தான், பிறகு பக்கத்து வீட்டுக்காரன், அதற்கப்புறம் பிணம். பிணமாக நன்றாகவே நடித்தான். வாயைத் திறக்காத வேஷமாயிற்றே!

ஆனால் மேடையில் வசனம் மட்டும் நிற்காது. நான் எடுத்துக்கொடுத்தால், ஜனங்கள் முன்னாலேயே குனிந்து, "என்ன அம்மணி, குழிக்குள்ள தூக்கமா? கொஞ்சம் சத்தமாத்தான் சொல்லுங்களேன்!" என்பான். அரங்கம் கொல்லென்று சிரிக்கும். அவனுக்கு அது ஒரு கைதட்டல். எனக்கு வீட்டுக்குப் போனால் சோறு இறங்காது.

எங்கள் தொழிலில் ஒரு சட்டம் உண்டு. அடுத்த வருஷம் நீ வேண்டாம் என்று சொல்லும் கடிதத்தை ஜனவரி முப்பத்தொன்றுக்குள் கையில் கொடுத்துவிட வேண்டும். கொடுக்காவிட்டால் ஒப்பந்தம் தானாக இன்னொரு வருஷத்துக்கு ஓடும். அதனால் ஜனவரி வந்தாலே நடிகர்களுக்கு இழுப்பு நோய். போனை எடுக்க மாட்டார்கள், தபால்காரனைக் கண்டால் சந்துக்குள் ஓடுவார்கள்.

எண்பத்தேழில் புது டைரக்டர் வந்தார், டாக்டர் ஹார்ட்விக் செல்ப்மான். ஜெர்மன்காரர். ஒரே மொழிதான் என்றாலும் எங்கள் ஊர்ப் பேச்சே அவருக்குக் காது வலி. வந்த மாதமே, "அந்தப் புரோசெகர் எதுக்கு? அவனை அனுப்பிடலாம்" என்று என் எதிரிலேயே சொன்னார். புரோசெகருக்கு அப்போது ஐம்பத்தெட்டு. அனுப்பினால் அவனை வேறு எந்த மேடையும் எடுக்காது, டெலிவிஷன் பிணத்தை நம்பி வீட்டு வாடகை கட்ட முடியாது. அவனுக்கும் அது தெரியும். ஜனவரி பாதியிலிருந்து இரண்டு வாரம் ஒப்பனையை வீட்டிலேயே போட்டுக்கொண்டு, நிலக்கரி இறக்கும் வாசல் வழியாக நேரே மேடைக்கு வந்தான். ஆட்டம் முடிந்தால் அதே வழி. கடிதம் டைரக்டரின் மேஜையிலேயே கிடந்தது.

ஜனவரி முப்பத்தொன்று, காலை பத்து மணி ஆட்டம், பள்ளிக்கூடப் பிள்ளைகளுக்கு. இவன் நோட்டரி வேஷம். இரண்டாம் அங்கத்தில் உறையைப் பிரித்து ஆலைக்காரரின் உயிலை வாசிக்க வேண்டும். இவன் லட்சணம் தெரிந்து உயிலை முழுக்கத் தாளில் எழுதியே வைத்திருப்பார்கள். செல்ப்மான் அதை எடுத்துவிட்டு நீக்கக் கடிதத்தை உறைக்குள் வைத்துவிட்டார்.

உறையைப் பிரித்தான். விளக்கு வெளிச்சம் தாளை ஊடுருவியது. நாடகசாலை முத்திரையும் அவன் பெயரும் கீழே என் கண்ணுக்கே தெரிந்தன. அவன் காதோரம் பவுடர் மேல் வேர்வை இறங்கியது. தொலைந்தான் என்று நான் உயிலின் முதல் வார்த்தைக்கு வாயைத் திறந்தேன். அதற்குள் அவனே ஆரம்பித்துவிட்டான்.

"மூத்தவனுக்கு ஆலை, இளையவனுக்குக் குதிரைகள், மருமகளுக்கு என் மன்னிப்பு..."

ஒரு எழுத்துப் பிசகாமல் ஒன்றரைப் பக்கத்தையும் சொல்லிமுடித்தான். நான் வாயைத் திறந்தபடியே உட்கார்ந்திருந்தேன். பாவி! எல்லாம் மனப்பாடம்! அத்தனை வருஷமும் வேண்டுமென்றே என்னை நாறடித்திருக்கிறான்.

மத்தியானம் ஊழியர் குழுவின் முன் விசாரணை.

"கடிதத்தை மேடையில வாங்கிட்டான்" என்றார் செல்ப்மான்.

"எந்தக் கடிதம் டாக்டர்?" என்றான் இவன். "என் கையில இருந்தது உயில்தான். இல்லாட்டி நாலு வரி மண்டையில நிக்காத நான் எப்படிச் சொல்லியிருப்பேன்? ஊருக்கே தெரியுமே!" தாள் எங்கே என்று கேட்டார்கள். ஒப்பனை அறையின் கணப்பு அடுப்புக்குள் விழுந்துவிட்டதாம்.

எல்லாரும் என் பக்கம் திரும்பினார்கள். தாளுக்கு இரண்டடி தள்ளி இருந்தவள் நான் ஒருத்திதான். ஒரு வார்த்தை சொன்னால் போதும், அவன் சீட்டு கிழிந்திருக்கும். நாக்கு துறுதுறுத்தது. ஆனால் ஓட வழியில்லாமல் மேடையில் நிற்கிறவன் கையில் கடிதத்தைத் திணிப்பது என்ன பிழைப்பு? இவனை வெறுப்பது என் சொந்தச் சொத்து. அதை அந்த ஜெர்மன்காரருக்கு வாடகைக்கு விட எனக்கு மனசில்லை.

"நான் புத்தகத்தைத்தான் பாப்பேன். நடிகர்களைப் பாக்கறதில்லை" என்றேன். எழுதி, கையெழுத்து வாங்கிக்கொண்டார்கள். அவன் வேலை தப்பியது.

மூன்று வாரம் கழித்து என் மேல் ஒரு புகார் வந்தது. வசனம் எடுத்துக்கொடுப்பவள் நடிகர்களைப் பார்ப்பதே இல்லை என்று அவளே ஒப்புக்கொண்டிருக்கிறாள், இப்படிப்பட்டவளை நம்பி மேடையேற முடியாது என்று எழுதி ஏழு பேர் கையெழுத்துப் போட்டிருந்தார்கள். முதல் கையெழுத்து புரோசெகருடையது.

உணவறையில் அவனைப் பிடித்தேன். கல்லீரல் உருண்டை சூப் குடித்துக்கொண்டிருந்தான்.

"உன்னைக் காப்பாத்தத்தானேய்யா அப்படிச் சொன்னேன்?"

"நான் கேட்டேனா அம்மணி?" கரண்டியைக்கூடக் கீழே வைக்கவில்லை. "அன்னிக்கு நீங்க அண்ணாந்து என் கையில இருந்த தாளைப் பாத்ததை நானும் கவனிச்சேன். என்னிக்காவது ஒருநாள் போய்ச் சொல்லிடுவீங்கன்னு தினம் பயந்துகிட்டு என்னால இருக்க முடியாது. நீங்க இங்க இல்லேன்னா எனக்கு நிம்மதி."

நேரே மாடியேறிப் போய் செல்ப்மானிடம் எல்லாவற்றையும் கொட்டினேன். முத்திரையைப் பார்த்தது, பெயரைப் பார்த்தது, ஒன்று விடாமல். அதற்குள் உறை மாற்றிய கதை பத்திரிகையில் வந்து அவர் மானம் போயிருந்தது. அந்தப் பேச்சே வேண்டாம் என்றிருந்தார். விசாரணைக் காகிதத்தை எடுத்து என் கையெழுத்தைக் காட்டினார்.

"வேலை போகுதுன்னதும் கண்ணு தெரியுதா, திருமதி நோட்புர்கா?"

அடுத்த ஜனவரியில் என்னை அனுப்பிவிட்டார்கள். புரோசெகர் இன்னும் ஆறு வருஷம் அந்த மேடையில் நின்றான். அந்தக் கட்டடத்தில் நான் சொன்னது ஒரே ஒரு பொய். அதைத்தான் எல்லாரும் நம்பினார்கள்.