பத்து ரூபாய்ப் பங்கின் சொந்தக்காரன்

பத்து ரூபாய் கொடுத்து எங்கள் பேட்டைக் கூட்டுறவு பாங்கியில் ஒரு பங்கு வாங்கியவன் அந்த பாங்கிக்கே சொந்தக்காரன் என்று நம்பியிருந்தேன். பங்குப் பத்திரத்தைக் கண்ணாடி போட்டு மகாலட்சுமி படத்துக்குப் பக்கத்தில் மாட்டி, வெள்ளிக்கிழமைகளில் இரண்டுக்கும் சேர்த்துக் குங்குமம் வைப்பேன். வருஷாந்திர மகாசபையில் சுண்டலைத் தின்றுவிட்டு நான் கையைத் தூக்கினால் சர்க்காரே கட்டுப்படும் என்று எண்ணம்.

ஒரு நாள் காலை பாங்கிக் கதவில் உத்தரவு ஒட்டியிருந்தது. நாங்கள் கை தூக்கித் தேர்ந்தெடுத்த கமிட்டியைச் சர்க்கார் கலைத்துவிட்டது. இனி ஒரு அதிகாரி நடத்துவார். காரணம் ஒரே வரி: நிர்வாகத்தில் திருப்தியில்லை. வந்த அதிகாரி முதல் வாரமே குமாஸ்தாவை வீட்டுக்கு அனுப்பினார். பதினெட்டு வருஷம் அங்கே எழுதியவர். சாந்தோம் மாதாகோவில் பக்கத்திலிருந்து தினம் நடந்தே வருவார். என் பங்குப் பத்திரத்தில் இருக்கும் உருண்டை எழுத்து அவருடையதுதான்.

"கமிட்டி திரும்பி வந்தாத்தான் சார் எனக்கு வேலை" என்றார் என் வீட்டு வாசலில் நின்று.

"கவலையை விடுங்க. பாங்கி நம்மளுது. ஒரு கேஸ் போட்டா அந்த ஆள் மூட்டை கட்டிடுவான்" என்றேன்.

அவர் அதை நம்பினார். இன்றைக்கும் உறுத்துவது அதுதான்.

லஸ் பக்கத்து வக்கீல் என்னை மேலும் கீழும் பார்த்தார். "ஓய், தனி மெம்பர் போட்டா நிக்குமோ நிக்காதோ. ஃபீஸை முன்னாடியே வச்சுடும்."

வைத்தேன். கையெழுத்துப் போட்ட மறுநிமிஷம்தான் செய்தது என்னவென்று புரிந்தது. சர்க்காரை எதிர்த்துக் கையெழுத்து! கதர் கட்டியவர்களைப் போலீஸ் லாரியில் ஏற்றிப் போகிற காலம். வீட்டில் இருந்த ஒரே கதர்த் துண்டைச் சுருட்டித் தண்ணீர்த் தவலைக்கு அடியில் செருகினேன். தபால்காரன் காக்கி உடுப்பில் வந்தபோது கொல்லைப்பக்கம் போய் ஒளிந்தேன். ஜெயிலுக்கென்று ஒரு பையில் வேட்டி, விபூதிச் சம்புடம், எலுமிச்சை ஊறுகாய் எல்லாம் எடுத்து வைத்தேன்.

"ஏன்னா, ஊறுகாயை வச்சுட்டுப் போங்கோ. ஆத்துல வேற ஒண்ணும் இல்லை" என்றாள் என் மனைவி.

ஏழு மாதம் அந்தப் பை கதவுக்குப் பின்னால் இருந்தது. யாரும் பிடிக்க வரவில்லை. சர்க்கார் என்னை ஒரு ஆளாகவே மதிக்கவில்லை என்பது அப்போதே உறைத்திருக்க வேண்டும்.

கேஸ் அன்று குமாஸ்தாவும் நானும் டிராமில் போனோம். அவர் மாதாகோவில் பூசைக்குப் போடும் கறுப்புக் கோட்டைப் போட்டிருந்தார். எனக்கும் இங்கிலீஷுக்கும் ஏழாம் பொருத்தம். நீதிபதி கேட்டதை அவர்தான் என் காதில் சொன்னார்.

"உங்க பங்கு பத்திரமா இருக்கான்னு கேக்கறார் சார்."

"சுவத்துல மாட்டியிருக்கு."

"போட்ட பணம் போச்சான்னு..."

"போகலையே."

"அப்ப இவருக்கு என்ன நஷ்டம்ங்கறார்."

பங்குக்காரன் வேறு, பாங்கி வேறாம். அநியாயம் நடந்திருந்தால் அது பாங்கிக்கு நடந்தது. பாங்கிதான் வந்து கேட்க வேண்டும். தனி மெம்பருக்கு அந்த உரிமை இல்லை. பத்து நிமிஷத்தில் தள்ளுபடி.

வெளியே வந்ததும் குமாஸ்தா வக்கீலிடம் கேட்டார்: "பாங்கின்னா இப்ப யாருங்க?"

"வேற யாரு? அந்த அதிகாரிதான்."

நான் விடவில்லை. 'உம்மை நியமித்தது தப்பு என்று பாங்கியின் சார்பில் நீரே வழக்குப் போட வேண்டும்' என்று மனு எழுதி, அந்த அதிகாரியிடமே நேரில் நீட்டினேன். இரண்டு தரம் படித்தார். சிரிப்பார் என்று பார்த்தேன், சிரிக்கவில்லை.

"மெம்பருங்களா? அங்கே குடுத்து முத்திரை வாங்கிக்குங்க."

குமாஸ்தாவின் நாற்காலியில் இருந்த புது ஆள் முத்திரை குத்திக் கொடுத்தான்.

ஒரு மாதம் கழித்துப் பதில் வந்தது: அப்படி வழக்குப் போட பாங்கி விரும்பவில்லை. அடியில் மட்டும் அதிகாரியின் கையெழுத்து. சாந்தோமுக்குக் கொண்டுபோய்க் காட்டினேன். குமாஸ்தா வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார்.

"புது ஆளுக்கு எழுத்து நல்லாத்தான் இருக்கு சார்" என்றார்.

அவருக்கு அந்த வேலை திரும்பக் கிடைக்கவில்லை.