எந்தப் புதூர்?

என் தங்கையின் கணவர் போலந்தில் ஒரு கிராமத்துக்குக் காளான் பண்ணை வேலைக்குப் போனார். ஊரின் பெயர் நோவா வியேஷ். நம் பாஷையில் புதூர். அன்றே இணையத்தில் தேடி, அந்த ஊரின் ஆறு, கோதுமை வயல், போரில் எரிந்து மறுபடி கட்டிய தேவாலயம் எல்லாவற்றையும் மனப்பாடம் செய்துவிட்டேன். அவர் போன் செய்தால் அவருக்கே ஒப்பிப்பேன். "செரிங்க மச்சான்" என்று கேட்டுக்கொள்வார்.

போன மாதம் நான்கு நாட்களாக அவரிடமிருந்து போனே இல்லை. அந்தத் தேவாலயத்தின் எண்ணைப் பிடித்துப் பேசினேன். "இங்கே காளான் பண்ணை கிடையாது. இந்தப் பெயரில் நிறைய ஊர்கள் உண்டு. உங்களுடையது எந்த மாவட்டம்?" என்று ஒரு பெண்மணி ஆங்கிலத்தில் பொறுமையாகக் கேட்டார்.

எனக்குத் தெரியவில்லை. எங்கள் சோமனூரில் யாராவது புதூர் என்றால் "எந்தப் புதூருங்க?" என்றுதான் முதலில் கேட்பேன். மாப்பிள்ளையிடம் கேட்டதே இல்லை.

"ஏனுங்கண்ணா, அந்த ஊரப் பத்தி அத்தன சொன்னீங்களே, இப்ப அவரு எங்கீங்க?" என்று தங்கை அழுதாள்.

ஆறாம் நாள் அவரே கூப்பிட்டார். காய்ச்சலில் ஆஸ்பத்திரியில் தனியாகக் கிடந்தாராம்.

"உங்க ஊர்ல ஆறு ஓடுதுங்களா மாப்ள?" என்றேன்.

"இல்லீங்க மச்சான். நீங்க அத்தன ஆசையாச் சொல்றப்ப மறுத்துப் பேச மனசு வர்லீங்க."