கதிரைகளுக்குக் காவல்

அன்று மாலை நாலு மணிக்குத் தங்கையைப் பெண் பார்க்க ரத்தோட்டைப் பக்கத்துத் தோட்டமொன்றிலிருந்து வருவதாக இருந்தார்கள். காலை பத்தரைக்கு வாசலில் வந்து நின்றவரோ நகரசபையின் வாரண்ட் உத்தியோகத்தர்.

மாத்தளை டவுனில் நாங்கள் இருந்தது வாடகை வீடு. வீட்டுக்காரர் கலேவெலயில் வயலும் வெங்காயமுமாக இருந்தார். மாதம் பிறந்தால் வாடகையை மறக்காதவர், நகரசபைக்குக் கட்டவேண்டிய வீட்டுவரியான சோலைவரியை மட்டும் ஒரு வருடமாக மறந்திருந்தார். அவர் மறந்ததற்கு என் மேசையைத் தூக்குவதா என்று கேட்டேன். பள்ளிக்கூடத்தில் குடியியல் படிப்பிக்கிறவன் வேறு; குரலில் கொஞ்சம் அரசியலமைப்பு ஏறியிருந்தது.

"வீட்டுக்குள்ள இருக்கிற சாமான் யாருதுன்னு சட்டம் கேக்காது மாஸ்டர். இப்ப கட்டிட்டு, அப்புறமா வாடகையில கழிச்சுக்குங்க."

கட்டலாம். ஆனால் கையிலிருந்ததெல்லாம் வடைக்கும் கேசரிக்கும் தங்கையின் சேலைக்குமாகப் போயிருந்தது. "அப்படின்னா புத்தகங்கள எடுங்க" என்று பெருந்தன்மையோடு காட்டினேன். பத்து வருடம் வாயைக் கட்டிச் சேர்த்தவை. அவர் ஒன்றை விரித்துப் பார்த்து, தூசி தட்டி, இருந்த இடத்திலேயே வைத்தார்.

"ஏலத்துல இதுக்கு யாரும் கை தூக்க மாட்டாங்க."

அதைவிடச் சுருக்கமான இலக்கிய விமர்சனத்தை நான் இன்றுவரை கேட்டதில்லை.

மேசையும் அம்மாவின் அலுமாரியும் எட்டுக் கதிரைகளும் பட்டியலில் ஏறின. அதில் ஆறு கதிரை அடுத்த வீட்டில் இரவல் வாங்கியவை என்றேன். "உள்ளதானே இருக்கு" என்றார். மறுநாள் போயா, பௌத்தர்களின் விரத நாள். ஞாயிறு லீவு போய்ப் போயா லீவு வந்திருந்த காலம் அது. போயாவுக்கு முதல் நாள் பன்னிரண்டுக்கே நகரசபைக் கந்தோரைப் பூட்டிவிடுவார்கள். சாமான் ஏற்ற வண்டி போயா முடிந்துதான் வரும். அதுவரை காவலுக்கு ஓர் ஆளை உட்கார வைத்துவிட்டுப் போனார்.

காவலாளி தொப்பியும் குடையுமாக வந்த ஒரு முஸ்லிம் பெரியவர். வாசலைப் பார்த்த கதிரையில் அமர்ந்துகொண்டார்.

"குசினியில இருந்தா டீ சூடா கிடைக்குமே நானா" என்று அண்ணன் முறை வைத்துக் கூப்பிட்டுப் பார்த்தேன்.

"ஏலா தம்பி. சாமான் கண்ணுல படணும்."

அதன் பிறகு நான் உட்காரவில்லை. தெருமுனை வரை போனேன், வந்தேன், மறுபடி போனேன். கலேவெல பஸ்ஸைப் பிடித்தாலும் திரும்ப இருட்டிவிடும். தங்கைக்கு இருபத்தேழு வயது. இரண்டு இடம் ஏற்கெனவே தட்டிப்போயிருந்தது. ஜப்தி நடக்கும் வீட்டில் எவன் பெண் எடுப்பான்? பெரியவரை மாமா என்று சொல்லலாமா? தொப்பி போட்ட மாமா எங்களுக்கு ஏது? பொய்களை மனதுக்குள் எழுதி எழுதித் திருத்தினேன்.

"ஒரு இடத்துல இருடா, தரை தேயுது" என்றார் அம்மா.

நாலு மணிக்கு மாப்பிள்ளையும் பெற்றோரும் வந்தார்கள். மாப்பிள்ளையின் அப்பா தோட்டத்தில் ஓய்வுபெற்ற பெரிய கணக்கப்பிள்ளை. ஆளைப் பார்த்தாலே வருகைப் பதிவில் பேர் போட்டு முடிக்கும் கண்.

"ஐயா யாரு?" என்று காவலாளியைக் காட்டி என்னிடம் கேட்டார்.

"நமக்கு ரொம்ப வேண்டியவங்க. அப்பா காலத்துப் பழக்கம்."

பெரியவர் மறுக்கவில்லை. அவர் வாயில் வடை இருந்தது.

எல்லாம் நல்லபடியாகத்தான் போனது. "உள்ள புழுக்கமா இருக்கே" என்று கணக்கப்பிள்ளை எழுந்து, தன் கதிரையைத் தூக்கிக்கொண்டு வாசலுக்கு நடந்தார். காவலாளி குடையைக் குறுக்கே நீட்டினார்.

"கோவிக்க வாணாம். கதிரைய வெளிய கொண்டு போக ஏலா."

"ஏன்?"

நான் அடுத்த பொய்யைத் தேடிக்கொண்டிருந்தேன். டீத் தட்டோடு வந்த தங்கை அதை மேசையில் வைத்தாள்.

"வீட்டுக்காரரு வரி கட்டலங்க. அதனால இந்தச் சாமானெல்லாம் ஜப்தி பண்ணியிருக்காங்க. இவரு காவலுக்கு வந்தவரு. அண்ணன் சொன்னது பொய்."

கணக்கப்பிள்ளை கதிரையைப் பழைய இடத்திலேயே வைத்தார்.

"வாடகை ரசீது இருக்காம்மா?"

கொண்டுவந்து கொடுத்தாள். விரலில் எச்சில் தொட்டு ஒவ்வொன்றாகப் புரட்டினார். ஒரு மாதமும் குறையவில்லை. பிறகு காவலாளியைப் பார்த்தார்.

"உக்காந்திருந்தா குத்தமில்லையே?"

"இரிங்க, இரிங்க. இரிக்கிறத்துக்கு வாரண்ட் இல்ல."

அவர்கள் புறப்படும்போது வாசல் வரை கூடவே போனேன்.  கணக்கப்பிள்ளை திரும்பினார்.

"பொண்ண எங்களுக்குப் புடிச்சிருக்கு தம்பி. அண்ணனப் பத்தித்தான் வீட்டுல கொஞ்சம் பேசணும்."

பேசி என்ன முடிவெடுத்தார்கள் என்று இன்றுவரை எனக்கு யாரும் சொல்லவில்லை. கல்யாணம் ஆவணியில் நடந்தது.