முதல் கடி

காலை ஆறேகாலுக்கு அடுப்பிலிருந்து முதல் தட்டு வெளியே வந்ததும், பேக்கரிக்காரர் கியம் ஓரத்திலிருக்கும் மீட் பை ஒன்றை எடுத்துக்கொள்வார். மேலே மொறுமொறுத்த மூடி, உள்ளே கொதிக்கும் கொத்துக்கறி. அதன் மேல் தக்காளி சாஸை ஒரு வட்டம் விட்டு, பால் காப்பி ஒரு கோப்பையும் எடுத்துக்கொண்டு முன்கடைக்கு வருவார். குளிர்பானப் பெட்டிக்குப் பக்கத்தில், வாசலைப் பார்த்தபடி, தரையோடு தரையாக ஒரு சிவப்பு மரப்பெட்டி. அதற்குள் தொந்தியும் விசிறியும் சிரிப்புமாக ஒரு பொம்மை. வலது முழங்கால் சொடக்குப் போட அதன் முன்னால் மண்டியிட்டு, மீட் பையை ஒரு கடி கடிப்பார். நிதானமாக மென்று விழுங்குவார். அப்புறம்தான் தட்டை உள்ளே நகர்த்துவார். பக்கத்தில் பற்ற வைக்காத சிகரெட் ஒன்று. கடைக்குள் புகைக்கக் கூடாது என்பது ஆஸ்திரேலியச் சட்டம்; சாமிக்கும் அதில் விலக்கு இல்லை.

அவர் பெயர் ஓங் டியா, மண்ணின் சாமி. வியட்நாமியர் கடை எங்கே இருந்தாலும் அதன் தரையில் அவர் உட்கார்ந்திருப்பார். மண்ணுக்குச் சொந்தக்காரரை மேலே பலகையில் ஏற்றி வைப்பது அவமரியாதை. ஆளுக்கு ஒரே ஒரு குறை, சந்தேகம். எந்தக் காலத்திலோ எவனோ சாப்பாட்டில் விஷம் வைத்துவிட்டானாம். அன்றிலிருந்து, படைப்பவன் தானே ஒரு கடி கடித்துக் காட்டினால்தான் தொடுவார்.

சைகோன் பக்கத்தில் அவருக்குப் பன்றி வறுவல் பிடிக்கும், வாழைப்பழம் பிடிக்கும். ஆஸ்திரேலியாவில் முண்டாரா என்ற இந்தக் கோதுமை ஊரில் கடை திறந்த முதல் மாதம் கியமும் அவற்றையே வைத்தார். கடைக்கு ஈ காக்கை வரவில்லை. உட்கார்ந்து யோசித்து ஒரு முடிவுக்கு வந்தார்.

"மண்ணு எந்த ஊரோ சாமியும் அந்த ஊருதானே? ஒண்ணு வெள்ளைக்காரனா இருப்பாரு, இல்ல அவங்களுக்கு முந்தி இங்க இருந்த ஜனத்தோட ஆளா இருப்பாரு. யாரா இருந்தாலும் இத்தன வருஷத்துல மீட் பை பழகியிருக்கும்" என்றார்.

"அப்ப பீரும் ஒண்ணு ஒடச்சு வைங்க" என்றாள் மனைவி தோவா.

பீர் வைக்கவில்லை. ஆனால் மீட் பை வைத்த அந்த வாரத்திலிருந்து வியாபாரம் பிடித்துக்கொண்டது. அது சாமியின் வேலையா, கோதுமை அறுவடைக்கு வந்த கூட்டத்தின் வேலையா என்று கேட்டால் கியம் தோளைக் குலுக்குவார்.

கடைக்கு வெளியே தொங்கும் பலகையில் இன்றைக்கும் 'ரான் பேக்கரி' என்றுதான் இருக்கிறது. எண்பத்தொன்பதில் கடையை விற்றுவிட்டுக் கடற்கரைப் பக்கம் போன ரான், போகிற போக்கில் பலகையை மட்டும் மாற்றாதே என்று சொல்லிவிட்டுப் போனார். கியம் மாற்றவில்லை. ஊர் அவரை மாற்றிவிட்டது. ஒரே மாதத்தில் அவர் ரான் ஆனார். ஆஸ்பத்திரியில் "ரான்" என்று யாரைக் கூப்பிட்டாலும் எழுந்து நிற்கிறார். தோவாவுக்குக் கோபம் வந்தால் "மிஸ்டர் ரான், குப்பைய எடுத்து வைக்கிறீங்களா?" என்பாள். அவருடைய சொந்தப் பெயர் கியம் என்பது வரிக் காகிதங்களுக்கு மட்டும் தெரியும்.

வழிப்போக்கர்கள் கேட்கும் கேள்வி ஒன்று உண்டு. "எந்த ஊரு உனக்கு?"

"பின்பக்கம். அங்கதான் அடுப்பு இருக்கு."

"அதில்ல, நெசமா எந்த ஊரு?"

"நெசமாவே பின்பக்கந்தான். சூடு தாங்காம முன்னால வந்தேன்."

கேட்டவர் சிரிப்பார். கியமும் சிரிப்பார். அவர் சிரிப்புக்கு ஒரு அளவு இருக்கிறது. மூன்று 'ஹா'. நான்காவது வராது. "இன்னைக்கு எந்த நாய உள்ள போட்ட, ரான்?" என்று முப்பத்தைந்து வருடமாகக் கேட்கிறவர்களுக்கும் அதே மூன்றுதான். ஒருநாள்கூடக் குறைத்துக் கொடுத்ததில்லை. கடையை மூடிய பிறகு பார்த்தால், அடுப்படியில் நின்ற கால்களைவிட அந்தக் கன்னங்கள்தான் அதிகம் சோர்ந்திருக்கும்.

"இங்க பொறந்தவன் ஒருநாள் சிடுசிடுன்னு இருந்தா, பாவம் ஒடம்பு சரியில்லம்பாங்க" என்று தோவாவிடம் ஒருமுறை சொன்னார். "நான் ஒருநாள் சிரிக்கலேன்னா, இவனுங்களே இப்படித்தாம்பாங்க. நல்லவனா இருந்து இருந்தே களைச்சுப் போச்சு, தோவா."

மெர்வ் என்று ஒரு கிழவர். எண்பத்திரண்டு வயது, மனைவி இல்லை, கோதுமை லாரி ஓட்டி ஓய்ந்தவர். தினமும் பத்து மணிக்குக் கைத்தடியை ஊன்றிக்கொண்டு வந்து, ஜன்னலோர நாற்காலியில் ஒரு மீட் பையோடு உட்கார்வார். கடையின் முதல் வாடிக்கையாளரே அவர்தான். திறந்த அன்று உள்ளே வந்து, கல்லா மேசையில் முழங்கையை ஊன்றி, கியமை மேலும் கீழும் பார்த்தார்.

"உள்ள என்ன இருக்குன்னு எனக்கெப்படித் தெரியும்? நீ மொதல்ல கடி, பாப்போம்."

வேடிக்கை பார்க்க வந்து நின்ற நாலு பேரும் சிரித்தார்கள். கியமுக்குச் சிரிப்பு வரவில்லை, பயமும் வரவில்லை. கல்லாவுக்கு எதிரே சிவந்த முகமும் தொந்தியுமாக நிற்கும் இந்த ஆளை எங்கோ பார்த்திருக்கிறோமே என்றுதான் தோன்றியது. ஒரு கடி கடித்து, மென்று, விழுங்கி, மிச்சத்தை நீட்டினார். பின்னால் சாமிக்கு மீட் பை வைத்த யோசனைக்கும் விதை அன்றைக்குத்தான் விழுந்தது. ஒரு மாதம் இப்படியே நடந்தது. அதற்குப் பிறகு ஒருநாள் மெர்வ் கையமர்த்தினார்.

"போதும் ரான், கடிக்க வேணாம். நம்பிட்டேன்."

அந்த வார்த்தையைக் கியம் பத்திரமாக வைத்திருந்தார். தொண்ணூற்றாறில், ஆசியாக்காரர்கள் பெருத்துவிட்டார்கள் என்று நாடெங்கும் பேச்சாக இருந்தபோது, ஒரு செங்கல் கடைக் கண்ணாடியை உடைத்துக்கொண்டு வந்து விழுந்தது. யார் கூப்பிட்டும் வராமல், தன் வீட்டுப் பலகைகளைக் கொண்டுவந்து அடைத்துக் கொடுத்தவர் மெர்வ். அதே மெர்வ்தான் இன்றைக்கு இறைச்சித் தொழிற்சாலைக்குப் புதிதாக வந்திருக்கும் பிலிப்பினோக்களையும் பஞ்சாபிகளையும் ஜன்னல் வழியாகப் பார்த்து, "உன்ன மாதிரி இல்ல ரான் இவங்க" என்று பெருமூச்சு விடுகிறவரும். அதைப் பாராட்டாக எடுத்துக்கொள்வதா வேண்டாமா என்று கியமுக்கு இன்றுவரை தெரியவில்லை. போன குளிர்காலத்தில் மெர்வின் கைத்தடி வழுக்கியது. கியம் அதன் நுனியில் மஞ்சள் டேப்பை ஏழு சுற்று சுற்றி ஒட்டிக் கொடுத்தார்.

சென்ற மாதம் ஒரு செவ்வாய்க்கிழமை, ஊர்க்காரர்களின் முகநூல் பக்கத்தில் ஒரு படம் வந்தது. சிவப்புப் பெட்டி, பொம்மை, தரையில் தட்டு, தட்டில் கடித்த மீட் பை. 'ரான் பேக்கரியில் கீழே கிடப்பதைப் பாருங்கள். யாரோ தின்ற மிச்சம். எலிக்கா, நமக்கா?' என்று புனைபெயரில் யாரோ எழுதியிருந்தார்கள். மாலைக்குள் இருநூறு பேர் பதில் எழுதிவிட்டார்கள். ரான் தங்கமான மனிதர் என்றார்கள் சிலர். அங்கே தின்றாலே எனக்கு வயிறு பொருமும், இப்போதல்லவா காரணம் தெரிகிறது என்றார்கள் சிலர். பழைய நாய்ப் பேச்சும் வந்தது. இந்த முறை யாரும் சிரிக்கும் எமோஜி சேர்க்கவில்லை.

தோவா ஒவ்வொரு பெயராகப் படித்து, இவளுக்கு நான் கல்யாண கேக் செய்தேன், இவனுக்குக் கடனுக்கு ரொட்டி கொடுத்தோம் என்று பொருமிக்கொண்டிருந்தாள். கியம் படத்தை மட்டும் பார்த்துக்கொண்டிருந்தார். இடது மூலையில், பாதி வெட்டுப்பட்டு, ஒரு கைத்தடியின் நுனி தெரிந்தது. மஞ்சள் டேப். அவர் எண்ணிப் பார்க்கவில்லை. தன் கை சுற்றிய சுற்று தனக்குத் தெரியாதா? தோவா கவனிப்பதற்குள் படத்தை மேலே தள்ளிவிட்டார்.

வெள்ளிக்கிழமை சுகாதார அதிகாரி வந்தாள். சின்ன வயது, கையில் டேப்லெட் கணினி, முகத்தில் உண்மையான சங்கடம்.

"எனக்கு உங்க மேல ஒண்ணும் கோபமில்ல, ரான். புகார் வந்தா நான் வந்துதானே ஆகணும்? சாப்பாடு தரையில இருக்கக் கூடாது. ஆமா, அது ஏன் கடிச்சிருக்கு?"

"நாந்தான் கடிச்சேன்."

"ஏன்?"

"அவருக்குச் சந்தேகம் அதிகம். மொதல்ல நாம தின்னு காட்டணும்."

அவள் பொம்மையைப் பார்த்தாள், கியமைப் பார்த்தாள், எதையோ தட்டச்சு செய்தாள், அழித்தாள். "மேல ஒரு அலமாரியில வச்சிரலாமே? இல்லேன்னா பிளாஸ்டிக்ல மீட் பை விக்கிறாங்க, அச்சு அசல் மாதிரியே இருக்கும். அடுத்த வியாழக்கிழமை வருவேன். அப்பவும் இப்படியே இருந்தா வாசல்ல நோட்டீஸ் ஒட்டணும். எனக்கு அது பிடிக்காது."

அந்த நோட்டீஸ் ஒட்டிய ஒரு ரொட்டிக் கடை பக்கத்து ஊரில் ஆறே வாரத்தில் மூடிப்போனது கியமுக்குத் தெரியும்.

"பிளாஸ்டிக்கா?" என்று அவள் போனதும் தோவா வெடித்தாள். "முப்பத்தஞ்சு வருஷம் சோறு போட்டவருக்கு பிளாஸ்டிக்கா? நீங்க என்ன சொன்னீங்க?"

"சரின்னேன்."

"எப்பப் பாத்தாலும் சரி! ஒரு தடவையாவது மாட்டேன்னு சொன்னா வாயி கோணிருமா? படம் எடுத்தவன் எவன்னு தெரிஞ்சா நானே போயிக் கேப்பேன்."

"தெரிஞ்சு என்ன பண்ணப் போற? நோட்டீஸ் வந்தா கட போயிடும். போ, மாவு காயுது."

ஐந்து நாள் கியம் வழக்கம்போலவே மண்டியிட்டார், கடித்தார், தட்டை நகர்த்தினார். கதவு திறக்கும் முன்பே தட்டை எடுத்தும்விட்டார். சாமி அவ்வளவு அவசரமாக இதுவரை சாப்பிட்டதில்லை. புதன்கிழமை கடையை மூடியதும் பெட்டியை இரு கைகளாலும் தூக்கிக்கொண்டு போய், பின்வீட்டில் துணி துவைக்கும் அறையின் தரையில் வைத்தார். அங்கேயும் ஒரு வாசல் உண்டு. அது சந்துப் பக்கம் பார்த்திருக்கும், சந்தில் குப்பைத்தொட்டிகள் இருக்கும். மன்னிப்புக் கேட்க வாய் திறந்தார். இந்த மண்ணின் சாமியிடம் எந்த மொழியில் கேட்பது என்று தெரியாமல் மூடிக்கொண்டார்.

வியாழக்கிழமை ஒன்பதரைக்கு அதிகாரி வந்து, காலியான மூலையைப் பார்த்து, நன்றி சொல்லி, நிம்மதியாகப் போனாள். குளிர்பானப் பெட்டிக்குப் பக்கத்தில் தரைவிரிப்பில் ஒரு சதுரம் மட்டும் புதுசாக வெளுத்துக் கிடந்தது.

பத்து மணிக்கு மெர்வ் வந்தார். கைத்தடியை ஊன்றி நின்று, அந்தச் சதுரத்தைப் பார்த்தார்.

"எடுக்க வச்சிட்டாங்களா உன் குண்டனை? எவன் பாத்த வேல ரான் இது? பேரக்கூடப் போடாத கோழைப்பய!"

கியமின் பார்வை மெர்வின் முகத்திலிருந்து மெல்ல இறங்கி, கையில், கைத்தடியில், அதன் நுனியிலிருந்த மஞ்சள் டேப்பில் போய் நின்றது. எழவில்லை. மெர்வும் குனிந்து அதையே பார்த்தார். தோவா ரொட்டி அடுக்குவதை நிறுத்திவிட்டாள். அவளுக்கும் இப்போது தெரிந்துவிட்டது.

மெர்வின் கழுத்து முதலில் சிவந்தது, பிறகு காது.

"நீ எலிக்கு வச்சிருக்கேன்னு நெனச்சேன் ரான். ஒரு வேடிக்கைக்குத்தான் எடுத்தேன். பேத்திக்கு அனுப்பினேன், அந்தக் கழுத ஊருக்கே போட்டுட்டா. சத்தியமா, சும்மா ஒரு வேடிக்கைக்கு..."

"தெரியும் மெர்வ். உக்காருங்க."

மெர்வ் ஜன்னலோரம் போகாமல் கல்லாவுக்கு எதிரேயே நின்றார். "கோபமில்லையே? நீ சிரிச்சிட்டா போதும் எனக்கு. எங்க, சிரி பாப்போம்."

கியம் சிரிக்கவில்லை. திரும்பி, சூட்டுப் பெட்டியிலிருந்து மெர்வுக்கு எப்போதும் கொடுக்கும் மீட் பையை எடுத்தார். தட்டில் வைத்து, சாஸை ஒரு வட்டம் விட்டார். பிறகு அதைக் கையிலெடுத்து, மெர்வின் கண்களைப் பார்த்தபடியே ஒரு கடி கடித்தார். நிதானமாக மென்றார், விழுங்கினார். மிச்சத்தைத் தட்டில் வைத்து, கடித்த பக்கம் மெர்வைப் பார்க்கும்படி திருப்பி, அவர் முன்னால் நகர்த்தினார்.